கண்ணாடி இல்லாமல் பறவை பார்க்கப் போனது

ஒரு ஜனவரி மாதத்துச் சனிக்கிழமை காலையில் வண்டலூரில் பெரிய சாலை ஓரமாக அம்மாவும் நானும் எங்கள் சபைப் போதகரின் மனைவியும் ஒரு வேனுக்காகக் காத்திருந்தோம். வேன் கோவளத்துப் பக்கம் கடலோரமாகப் புதிதாக வந்திருந்த ஒரு விடுதியிலிருந்து வரவேண்டும். அங்கே வந்து தங்கும் வெளிநாட்டுக்காரர்களுக்குக் கடல் சீக்கிரம் சலித்துவிடும். அதன் பிறகு அவர்களை எங்கேயாவது கூட்டிக்கொண்டு போகவேண்டும். பாதிப் பேர் மகாபலிபுரம் போவார்கள். கல்லும் சலித்தவர்களை வேடந்தாங்கலுக்கு அழைத்துப்போய் ஒரு நாள் முழுக்கப் பறவை காட்டிவிட்டுத் திரும்பக் கொண்டுவந்து விடுவார்கள். இந்தப் பயணங்களைக் கவனித்துக்கொள்ளும் வேலையில் இருந்தவர்தான் மாப்பிள்ளை.

மாப்பிள்ளை என்று அப்போது சொல்லக்கூடாது. 'அந்தத் தம்பி' என்றுதான் சொல்லவேண்டும் என்பது பாஸ்டரம்மாவின் உத்தரவு. போதகரின் மனைவியை எங்கள் சபையில் எல்லோரும் அப்படித்தான் கூப்பிடுவோம். தாம்பரத்துக் கிறிஸ்தவ வீடுகளில் அப்போது நடந்த கல்யாணங்களில் பாதிக்கு அவர்தான் காரணம். மாப்பிள்ளை வீட்டார் ஊரைக் கூட்டிக்கொண்டு வந்து, கேசரியும் பஜ்ஜியும் தின்றுவிட்டு, 'கடிதம் போடுகிறோம்' என்று சொல்லிப்போய்க் கடிதம் போடாமல் இருப்பது அவருக்குப் பிடிக்காது. தெருவே பார்த்துக்கொண்டிருக்கும், அப்புறம் அந்தப் பெண் ஞாயிற்றுக்கிழமை ஆராதனைக்குக் கோவிலுக்கு எந்த முகத்தோடு வருவாள் என்பார். அதனால் அவர் ஒரு வழி கண்டுபிடித்து வைத்திருந்தார். அறுப்பின் பண்டிகை விற்பனை, ஞாயிறு பள்ளிச் சுற்றுலா, யாருக்காவது ஞானஸ்நானம் என்று எதையாவது சாக்கு வைத்து இரண்டு குடும்பத்தையும் ஓர் இடத்தில் கொண்டுவந்து சேர்ப்பார். பிடித்தால் மேலே பேசலாம். பிடிக்காவிட்டால் யாரும் யாரையும் பார்க்க வரவில்லை, எல்லோரும் பிக்னிக் போனோம், அவ்வளவுதான்.

அப்பா அன்று வரவில்லை. வந்தால் அது பெண் பார்ப்பதாகிவிடும், வராவிட்டால் பிக்னிக்காகவே இருக்கும் என்பது பாஸ்டரம்மாவின் கணக்கு.

எனக்கு இருபத்தேழு வயது. ஒரு பெண்கள் மேல்நிலைப் பள்ளியில் விலங்கியல் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். தங்கைக்கு முதலிலேயே கல்யாணமாகிவிட்டது. எனக்கு வந்த இரண்டு இடமும் கேசரியோடு நின்றுபோயின. ஒரு வீட்டார் காரணத்தையும் சொல்லியனுப்பினார்கள்: பெண் சோடாபுட்டிக் கண்ணாடி போடுகிறாள். இதுவும் தட்டிப்போனால் இனி நான் யாரையும் தேடப்போவதில்லை என்று அப்பா சொல்லிவிட்டார். கோபமாகச் சொல்லவில்லை, களைத்துப்போய்ச் சொன்னார். அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. எனக்குக் கல்யாணம் பண்ணிக்கொள்ள ஆசை இருந்தது. சில டீச்சர்கள் 'எனக்கு அதிலெல்லாம் இஷ்டமில்லை' என்று முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டு சொல்வார்கள். எனக்கு அப்படிச் சொல்ல வராது.

அன்று காலை வீட்டைவிட்டுக் கிளம்பும்போது அம்மா கையை நீட்டினாள். "கண்ணாடியைக் கழட்டிக் குடு."

"பறவை பார்க்கப் போறோம்மா."

"பறவையா உன்னைக் கட்டிக்கப் போவுது? குடுடி."

கொடுத்தேன். அம்மா அதை உறையில் போட்டுத் தன் கைப்பையின் அடியில் திணித்துக்கொண்டாள். இன்னொரு உத்தரவும் போட்டாள். கண்ணை இடுக்கக்கூடாது. இடுக்கினால் பார்வை மட்டம் என்று கண்டுபிடித்துவிடுவார்கள். அதனால் நாள் முழுக்க நான் கண்ணை அகல விழித்துக்கொண்டிருக்க வேண்டும்.

வேன் வந்தது. வெள்ளைச் சட்டை போட்ட ஒருவர் இறங்கிவந்து, "வணக்கம் ஆன்ட்டி, நல்லா இருக்கீங்களா? ஏறுங்க" என்றார். குரல் நன்றாக இருந்தது. கோவிலில் வேதபாடம் வாசிக்கச் சொல்லிக் கூப்பிடுகிற குரல், அவசரமில்லாதது. குரலுக்கு மேலே முகம் இருக்கவேண்டிய இடத்தில் மாநிறத்தில் ஏதோ கலங்கலாகத் தெரிந்தது. எனக்குக் கண்ணாடி இல்லாவிட்டால் கைக்கெட்டும் தூரத்துக்கு அப்பால் எல்லா முகமும் அப்படித்தான். எதிரே இருப்பவர் சிரிக்கிறாரா முறைக்கிறாரா, என்னிடம்தான் பேசுகிறாரா என்பது எதுவும் தெரியாது. அதனால் பேசுகிறவரின் முகத்தையே நேராகப் பார்த்துக்கொண்டிருப்பேன். அன்றும் அப்படித்தான் பார்த்தேன். அம்மா பின்னாலிருந்து என் முழங்கையைக் கிள்ளி, "தலையைக் குனிஞ்சுக்கோ" என்று முணுமுணுத்தாள்.

வேனுக்குள் அவருடைய அம்மா முன்வரிசையில் இருந்தார். பின்னால் வயதான ஒரு வெளிநாட்டுத் தம்பதி, வெயிலில் வெந்து சிவந்துபோய் உட்கார்ந்திருந்தார்கள். வண்டி கிளம்புவதற்கு முன் பாஸ்டரம்மா ஜெபம் பண்ணினார். சாலை, டயர், பறவை, பறவையைப் படைத்தவர், தூர தேசத்திலிருந்து வந்த சகோதரன், சகோதரி என்று ஒன்றையும் விடவில்லை. அந்தத் தம்பதிக்கு ஒன்றும் புரியாவிட்டாலும் மரியாதையாகக் கண்ணை மூடிக்கொண்டார்கள். டிரைவர்தான் பொறுமையிழந்தார்.

"இன்னா சார், ஆமென் சொல்லிட்டாங்களா? வண்டி சூடாவுது சார்."

சிங்கப்பெருமாள் கோவில் தாண்டி, செங்கல்பட்டு ஏரிக்கரையில் காற்று வாங்கிக்கொண்டு, படாளம் கூட்டுரோட்டில் திரும்பினோம். வழியெல்லாம் அந்தத் தம்பி திரும்பி உட்கார்ந்து எங்களோடு பேசிக்கொண்டே வந்தார். நான் என்ன பாடம் எடுக்கிறேன், பிள்ளைகள் தவளையை அறுக்கும்போது அழுவார்களா என்றெல்லாம் கேட்டார். நான் சொன்னதற்குச் சிரித்தார். வெளிநாட்டுக்காரர்களுக்கு இங்கிலீஷில் வேடந்தாங்கலைப் பற்றிச் சொன்னார். ஏரியைச் சுற்றியுள்ள ஊர்க்காரர்கள் தீபாவளிக்குக்கூடப் பட்டாசு வெடிக்கமாட்டார்கள். பறவைகளின் எச்சம் விழுந்த தண்ணீர் வயலுக்குப் பாய்ந்தால் எருவே வேண்டாம். அதனால் அவற்றை யாரும் தொடவிடுவதில்லை. அந்த வெளிநாட்டு அம்மாள் ஒவ்வொன்றுக்கும் 'ஓ, ஓ' என்றாள். எனக்கு அவரைப் பிடிக்க ஆரம்பித்தது. சந்தோஷமாக இருந்தது என்றே சொல்லிவிடலாம்.

ஏரிக்கரையில் ஏறி நின்றதும் சந்தோஷம் போயிற்று.

சத்தம் காதை அடைத்தது. ஆயிரக்கணக்கான அலகுகள் ஒரே நேரத்தில் சண்டை போடுகிற சத்தம். மீன் வாடையும் எச்சத்தின் வாடையும் கலந்து வந்தன. எல்லோரும் 'அப்பா!' என்றார்கள். எனக்குத் தெரிந்ததெல்லாம் சாம்பல் நிறத்தில் தண்ணீர், அதில் பச்சை மூட்டைகளாகச் சில மரங்கள், மரங்களின் மேல் வண்ணான் துறையில் உலர்த்தியதுபோல வெள்ளை வெள்ளையாக ஏதோ. வருஷா வருஷம் நாரைக்கும் கொக்குக்கும் நீர்க்காகத்துக்கும் வித்தியாசம் கரும்பலகையில் வரைந்து காட்டியிருக்கிறேன். உயிரோடு பார்க்க வந்தது அதுதான் முதல் தடவை.

பாஸ்டரம்மாவுக்கு என்னை எடுத்துக்காட்ட இதைவிட நல்ல சமயம் வாய்க்காது. "எங்க டீச்சரையே கேளுங்களேன். அதோ அந்த ஓரத்து மரத்துல ஒண்ணு ஒக்காந்திருக்கே, அது என்ன பறவைம்மா?"

அவர் எந்த ஓரத்தைச் சொல்கிறார் என்பதே எனக்குத் தெரியவில்லை. உத்தேசமாக ஒரு பெரிய வெள்ளையைப் பார்த்து, "கூழைக்கடா" என்றேன்.

அந்தத் தம்பியின் அம்மா மெதுவாக, "கறுப்பா இல்ல இருக்கு?" என்றார்.

அது நீர்க்காகம். ஆறாம் வகுப்புப் பிள்ளைகூடச் சொல்லிவிடும். எனக்கு அழுகை வந்தது. மாப்பிள்ளை வீட்டார் என்ன நினைப்பார்கள் என்பதைவிட, படித்த படிப்பு இப்படி நடுவெயிலில் சிரிப்பாய்ச் சிரித்துவிட்டதே என்றுதான் வந்தது. கண்ணாடி மூன்றடி தூரத்தில் அம்மாவின் பையில் இருந்தது. அம்மா பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு வானத்தைப் பார்த்தாள்.

அவர் எதையும் காட்டிக்கொள்ளவில்லை. "தூரத்துல சரியாத் தெரியாது. இதுல பாருங்க" என்று விடுதியின் பைனாகுலரைக் கழுத்திலிருந்து கழற்றி என்னிடம் நீட்டினார். கண்ணில் வைத்தேன். முதலில் எல்லாம் பனிமூட்டமாக இருந்தது. நடுவிலிருந்த சக்கரத்தை ஒரு பக்கமாகத் திருகிக்கொண்டே போனேன். திடீரென்று ஒரு நாரை, தனித்தனியாகச் சிறகு எண்ணிவிடலாம் போல, என் முன்னால் வந்து நின்றது.

அந்த நிமிஷத்தை எப்படிச் சொல்வது? மரம் முழுக்கக் கூடு, கூடு முழுக்கக் குஞ்சு. அலகை மூடினாலும் நடுவில் இடைவெளி விட்டிருக்கும் நத்தைகுத்தி நாரை, கரண்டியை வாயில் வைத்துக்கொண்டு பிறந்த கரண்டிவாயன், கழுத்தை மட்டும் தண்ணீருக்கு மேலே நீட்டிப் பாம்பைப்போல நீந்தும் பாம்புத்தாரா. நான் பாட்டுக்குச் சொல்லிக்கொண்டே போனேன். நத்தையை அந்த அலகால் எப்படித் திறந்து எடுக்கும் என்பதை வகுப்பில் சொல்வதுபோலவே சொன்னேன். அவர் அதை இங்கிலீஷில் எடுத்துச் சொன்னார். வெளிநாட்டு அம்மாள் கைதட்டினாள். பாஸ்டரம்மாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

ஒரேயொரு சங்கடம். என் கண்ணுக்குச் சரியாக வைத்த பைனாகுலர் வேறு யாருக்கும் உதவவில்லை. அந்த வெளிநாட்டுக்காரர் வாங்கிப் பார்த்துவிட்டு, ரிப்பேராகிவிட்டதோ என்று உள்ளங்கையில் தட்டினார். சக்கரத்தைத் திருகிச் சரிசெய்துகொண்டார். மறுபடி என்னிடம் வந்ததும் நான் திருகினேன்.

அப்புறம் அவர் அந்தத் தம்பதியை அழைத்துக்கொண்டு கரையோடு தூரமாக நடந்து போனார். பைனாகுலர் என்னிடம் இருந்தது. தாழப் பறந்த ஒரு கொக்கைப் பின்தொடர்ந்தேன். அது கரைக்கு மேலாகப் போய் மறைந்தது. அது மறைந்த இடத்தில் அவர் முகம் இருந்தது.

அம்மை போட்ட முகம். நெற்றியிலிருந்து தாடை வரை குழி குழியாக, ஒரு விரல் வைக்க இடமில்லாமல் தழும்பு. மூக்கின் ஒரு பக்கம் கொஞ்சம் அரித்துப்போயிருந்தது. அவர் அந்த அம்மாளிடம் எதையோ சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தார்.

பைனாகுலரை இறக்கினேன். தூரத்தில் வெறும் வெள்ளைச் சட்டை.

அம்மாவை மரத்தடிக்குத் தள்ளிக்கொண்டு போய், "உனக்குத் தெரியுமா?" என்றேன்.

எதைக் கேட்கிறேன் என்று அவள் கேட்கவில்லை. "சின்ன வயசுல போட்டதாம். ஆம்பளைக்கு முகம் எதுக்குடி? நல்ல பையன், கெட்ட பழக்கம் ஒண்ணும் கிடையாது."

"அதுக்குத்தான் கண்ணாடியைக் கழட்டச் சொன்னியா?"

அம்மாவுக்குப் பொய் சொல்லத் தெரியாது, அதுவரைக்கும் நல்லது. "ரெண்டுக்கும் சேர்த்துத்தான்" என்றாள். "பாஸ்டரம்மாதான் சொன்னாங்க. அவங்களுக்கும் ஒரு குறை, நமக்கும் ஒரு குறை, சரியாப் போயிடும்னு."

எனக்கு வந்த கோபத்தில் பைனாகுலரை ஏரியில் வீசியிருப்பேன். விடுதியின் சொத்து என்பதால் வீசவில்லை. அந்தத் தழும்பின் மேல் எனக்குக் கோபமில்லை. வீட்டில், சபையில், அந்த வேனில், எல்லோருக்கும் தெரிந்திருந்தது. எனக்கு மட்டும் தெரியக்கூடாது என்று ஏற்பாடு செய்திருந்தார்கள். அவர் என்னைப் பார்க்கவேண்டும் என்று இத்தனை பேர் பாடுபட்டார்கள். நானும் அவரைப் பார்க்கவேண்டும் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

மரத்தடியில் ஜமுக்காளம் விரித்துச் சாப்பிட்டோம். விடுதியிலிருந்து வந்த சாண்ட்விச் ஒரு பக்கம், எங்கள் எலுமிச்சம்பழச் சாதமும் அவித்த முட்டையும் ஒரு பக்கம். வெளிநாட்டுக்காரர்கள் சாதத்தைத் தின்றார்கள். பாஸ்டரம்மா இரண்டு சாண்ட்விச் சாப்பிட்டுவிட்டு வெறும் ரொட்டிதானே என்று குறைசொன்னார்.

சாப்பிட்டபின் அந்தத் தம்பி, பறவை பார்க்கக் கட்டியிருந்த மேடைப் பக்கம் போனார். நானும் போனேன். "அந்தக் கூட்டுல குஞ்சு எத்தனைன்னு பாருங்க" என்று பைனாகுலரைக் கொடுத்தேன். ஏதாவது பேசவேண்டுமே என்று கொடுத்தது. அவர் கண்ணில் வைத்தார். இறக்கினார். சக்கரத்தைப் பார்த்தார், அது ஒரு கோடியில் போய் நின்றிருந்தது. மறுபடி கண்ணில் வைத்து, கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பிக்கொண்டு வந்தார். பாதி தூரம் திருப்பியதும் கை நின்றது.

"நீங்க கண்ணாடி போடறவங்களா?"

"ஆமா."

"பவர்?"

"மைனஸ் நாலு."

அவர் பைனாகுலரை இறக்கினார்.

"அப்ப காலையிலேருந்து என் முகம் உங்களுக்கு..."

"தெரியலை. சட்டை மட்டும்தான் தெரிஞ்சுது."

"நேரா பார்த்துப் பேசினீங்களேன்னு இருந்தது" என்றார். வேன் வர நேரமாகும் என்று அறிவிப்பது போன்ற குரலில்தான் சொன்னார். "எங்கிட்டப் பேசறவங்க எல்லாம் காதைப் பார்த்துப் பேசுவாங்க. இல்லன்னா தோளை. நீங்க கண்ணை எடுக்கவே இல்ல. இவங்க வேற மாதிரி ஆளுன்னு நெனைச்சுட்டேன்."

உண்மையைச் சொல்வதுதான் சுலபமாக இருந்தது. "சாப்பாட்டுக்கு முன்னாடியே பார்த்துட்டேன். இதுல" என்று பைனாகுலரைக் காட்டினேன்.

அவர் தலையசைத்தார். அப்புறம் ஏரியைப் பார்ப்பவர்போல அந்தப் பக்கம் திரும்பி நின்றுகொண்டார்.

நான் நேராக ஜமுக்காளத்துக்கு வந்து, இரண்டு அம்மாக்களும் பாஸ்டரம்மாவும் உட்கார்ந்திருந்த நடுவில் நின்று, "அம்மா, கண்ணாடியைக் குடு" என்றேன். அம்மா, "எந்தக் கண்ணாடி?" என்றாள். பையை நானே திறந்து எடுத்துப் போட்டுக்கொண்டேன். பாஸ்டரம்மாவின் வாய் திறந்தது திறந்தபடி இருந்தது. அவருடைய அம்மா என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு ஆரஞ்சு உரிப்பதைத் தொடர்ந்தார். ஒரு சுளையை என்னிடம் நீட்டினார்.

சாயங்காலம் பறவைகள் வீடு திரும்பும் நேரம். இரை தேடப் போனவை வானத்தின் எல்லாப் பக்கத்திலிருந்தும் வரிசை வரிசையாக வந்து இறங்கின. அந்த வெளிநாட்டு அம்மாள் அழுதாள் என்று நினைக்கிறேன். கண்ணாடி போட்டுக்கொண்டு எல்லாவற்றையும் பார்த்தேன். நன்றாகத்தான் இருந்தது. ஆனால் என் கண் அவரிடமே போயிற்று. காலையில் எல்லோரோடும் முகம் கொடுத்துப் பேசிக்கொண்டிருந்தவர் இப்போது ஒரு பக்கமாகவே நின்று பேசினார். நான் எந்தப் பக்கம் நகர்ந்தாலும் அவர் மறு பக்கம் கொஞ்சம் திரும்பினார். அவர் வேண்டுமென்று செய்யவில்லை. கையே தானாகப் போய் முகத்தில் வந்து விழும் வெயிலை மறைக்குமே, அப்படி. திரும்பும்போது வேனில் டிரைவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சாலையைப் பார்த்துக்கொண்டே வந்தார்.

எனக்கு அவரைப் பிடித்திருந்தது. காலையில் குரலைக் கேட்டுப் பிடித்தது. முகத்தைப் பார்த்தபின் அந்தப் பிடித்தம் எங்கேயாவது போய்விட்டதா என்று படாளத்திலிருந்து செங்கல்பட்டு வரைக்கும் எனக்குள்ளே தேடிப்பார்த்தேன். போகவில்லை. முகம் பழகவேண்டியிருந்தது, அப்படியில்லை என்று சொல்வதில் லாபமில்லை. ஆனால் காலையில் பேசிய மனிதரை நான் கண்ணாடி போட்டு விரட்டிவிட்டதுபோல இருந்தது. அது வலித்தது.

வண்டலூரில் இறங்கினோம். இருட்டியிருந்தது, தெருவிளக்கு எரிந்தது. பாஸ்டரம்மாவின் சட்டப்படி இந்த இடத்தில் 'வரோம்' என்பதற்கு மேல் யாரும் ஒரு வார்த்தை பேசக்கூடாது. அடுத்த வாரம் அவர் மூலமாகத்தான் பேச்சு போகவேண்டும், அவர் மூலமாகத்தான் வரவேண்டும். அந்தத் தம்பி வேன் கதவைப் பிடித்துக்கொண்டு, முகத்தைச் சாலைப் பக்கம் வைத்துக்கொண்டு, "வாங்க ஆன்ட்டி, பார்த்து எறங்குங்க" என்றார்.

நான் இறங்கி அவர் எதிரில் நின்றேன். "நாளைக்கு ஆராதனை முடிஞ்சதும் எங்க வீட்டுக்குச் சாப்பிட வாங்க."

பாஸ்டரம்மா இருமினார்.

"சாயங்காலமா வரேனே" என்றார் அவர்.

"வேணாம். மத்தியானமே வாங்க. வெளிச்சத்துல வாங்க."

அவருடைய அம்மா வேனுக்குள்ளிருந்து, "வரோம்மா" என்றார். டிரைவர், "இன்னா சார், போலாமா, ரயில்வே கேட்டை மூடிடப் போறான்" என்று அவசரப்படுத்தினார்.

மறுநாள் வந்தார்கள். ஜன்னலுக்கு முதுகைக் காட்டும் நாற்காலியாகப் பார்த்து அவர் உட்கார்ந்துகொண்டார். நான் எதிரில் உட்கார்ந்தேன், கண்ணாடியோடு. குழம்பைப் பற்றியும் ரயிலைப் பற்றியும் பேசினோம். அவர் சுவரைப் பார்த்துப் பேசினார். அந்தச் சனிக்கிழமை காலை வேனில் பேசியதுபோல, முகத்தைத் திருப்பிக்கொள்ளாமல் அவர் மறுபடி என்னோடு பேசுவதற்கு ஒரு வருஷத்துக்கு மேல் ஆயிற்று. அதற்குள் எங்களுக்குக் கல்யாணமே ஆகியிருந்தது.